கோதுமை இல்லாத தப்பூலே: செய்து பார்த்தவர்கள் சொல்லுங்கள்

கோவையிலிருந்து (முன்பு பெய்ரூட்)

என் மகளுக்கு சீலியாக் என்று 2018-ல் தெரிந்தது. கோதுமை மாதிரித் தானியங்களில் இருக்கும் குளூட்டன் என்ற புரதம் குடலுக்கு ஒத்துக்கொள்ளாத நோய் அது. அப்போது அவளுக்கு ஏழு வயது, நாங்கள் பெய்ரூட்டில் இருந்தோம். ரத்தப் பரிசோதனை, எண்டோஸ்கோபி எல்லாம் முடிந்த பிறகு டாக்டர் சொன்னார்: கோதுமை, பார்லி, ரை மூன்றும் இனி ஆயுசுக்கும் கூடாது. ரொட்டியும் கேக்கும் போனதைக் கூட அவள் பொறுத்துக்கொண்டாள். தப்பூலே என்ற பார்ஸ்லி இலை சாலட்டும் கூடாது என்றதும்தான் அழுதாள்.

லெபனானில் இருந்தவர்களுக்கு இது புரியும். யார் வீட்டுக்குப் போனாலும் மேசையில் சின்னச் சின்னத் தட்டுகளாக மெஸ்ஸே பரப்புவார்கள். அதில் தப்பூலே இல்லாமல் இருக்காது. ஜூலை மாதம் முதல் சனிக்கிழமையைத் தப்பூலே தினமாகவே கொண்டாடுகிறார்கள். பார்ஸ்லி, புதினா, தக்காளி, வெங்காயத்தாள், எலுமிச்சைச் சாறு, ஆலிவ் எண்ணெய், இவற்றோடு ஒரு கைப்பிடி புர்குல். இந்தப் புர்குல்தான் கோதுமை. பார்க்க நம் ஊர் சம்பா ரவை மாதிரி இருக்கும். ஆனால் கோதுமையை முதலில் வேகவைத்து, உலர்த்தி, அப்புறம் உடைப்பார்கள். அதனால் நைசான புர்குலை அடுப்பில் ஏற்ற வேண்டாம், ஊறினாலே போதும்.

எங்கள் மேல்மாடியில் ஸஹ்லே ஊரைச் சேர்ந்த ஒரு பாட்டி இருந்தார். கட்டிடம் முழுக்க அவரைத் தேத்தா என்றுதான் கூப்பிடும். பாட்டி என்று அர்த்தம். மகள் அழுத கதையைக் கேட்டு, குளூட்டன் இல்லாத குவினோவா தானியத்தை நானே வாங்கி ஒரு கப் வேகவைத்து, பார்ஸ்லி கலந்து அவருக்கும் ஒரு கிண்ணம் கொண்டுபோனேன். ஒரு கரண்டி சாப்பிட்டுவிட்டு என் கையைப் பிடித்துக்கொண்டார். "யா பிந்தி (என் மகளே), இது நல்ல சாப்பாடு. ஆனால் தப்பூலே இல்லை" என்றார். அவர் சொன்னது சரிதான். உப்புமாவில் கொத்தமல்லி தூவியது போலத்தான் இருந்தது, தானியம் அவ்வளவு. அடியில் வேறு தண்ணீர் தேங்கி, இலையெல்லாம் துவண்டு கிடந்தது.

மறுநாள் என்னை மேலே கூப்பிட்டு, அவருடைய புர்குலை வைத்தே ஒரு தப்பூலே செய்து காட்டினார். கால் கப்புக்கும் குறைவாகப் புர்குலைக் கிண்ணத்தின் அடியில் பரப்பினார். தக்காளியைப் பொடியாக நறுக்கி அதன்மேல் கொட்டி, எலுமிச்சை பிழிந்து, அப்படியே விட்டுவிட்டார். அரை மணி நேரம் கழித்துக் கிண்ணத்தைச் சாய்த்துக் காட்டினார். ஒரு சொட்டு இறங்கவில்லை. அத்தனை சாற்றையும் புர்குல் குடித்திருந்தது.

அப்போதுதான் எனக்கு விஷயம் விளங்கியது. தப்பூலே என்பது இலை. புர்குல் வயிற்றை நிரப்ப வந்ததில்லை, சாறு குடிக்க வந்தது. நான் போட்ட குவினோவா ஏற்கெனவே தண்ணீர் குடித்து வயிறு நிறைந்திருந்தது. அது எப்படி இன்னும் குடிக்கும்?

அதற்குப் பிறகு இரண்டு பேரும் சேர்ந்து நான்கைந்து முறை செய்து பார்த்தோம். எங்களுக்குக் கைகூடிய முறை இதுதான். குவினோவாவை நுரை போகும்வரை கழுவி, ஒன்றுக்கு ஒன்றரை பங்கு தண்ணீரில் வேகவைத்து, பருத்தித் துணியில் இரவு முழுக்க ஜன்னலோரம் பரப்பிவிட வேண்டும். காலையில் கையில் எடுத்தால் ஒட்டாமல் உதிரும். தக்காளியின் விதைப் பகுதியை எடுத்துவிட்டு நறுக்கி, உப்புப் போட்டு வடிகட்டியில் கால் மணி நேரம் வைக்க வேண்டும். நான்கு பெரிய கட்டுப் பார்ஸ்லிக்கு உலர்த்திய குவினோவா மூன்று மேசைக்கரண்டி, அதற்கு மேல் வேண்டாம். கடைசி நிமிடத்தில் எலுமிச்சையும் எண்ணெயும்.

கத்தி விஷயத்தைச் சொல்லியே ஆக வேண்டும். முந்தின நாளே பார்ஸ்லியைக் கழுவித் துணியில் சுற்றி வைத்துவிடுவார் தேத்தா, ஈரம் துளியும் இருக்கக் கூடாது. காம்புகளை ஒரே மட்டத்தில் தட்டி, கட்டை இடது கையில் இறுக்கிப் பிடித்து, மெல்லிய கத்தியால் நுனியிலிருந்து நூல் நூலாக இறக்கிக்கொண்டே வருவார். வெட்டிய இலையை மறுபடி கொத்தவே மாட்டார். கொத்தினால் இலை நசுங்கிச் சாறு விடும், பச்சை வாடை கசப்பாக மாறும். நான் மிக்ஸியில் ஒரு சுற்று விடலாமா என்று கேட்டபோது அவர் முகம் போன போக்கு இன்னும் நினைவிருக்கிறது. புதினா கறுத்துவிடும் என்பதால் அது கடைசியில். வெங்காயத்தாளில் உப்பும் கொஞ்சம் பஹார் என்ற மசாலாப் பொடியும் போட்டு விரலால் பிசறி வைப்பார்.

நடுவில் ஒரு தவறும் நடந்தது. முறையெல்லாம் சரியாக இருந்தும் ஒருநாள் மகளுக்கு வயிற்று வலி, மறுநாள் முழுக்கப் படுக்கை. தேடிப் பார்த்ததில், குவினோவா கழுவிய சல்லடை முன்பு நான் புர்குல் கழுவியது. கம்பி வலையின் இடுக்கில் ஒட்டியிருப்பதை எத்தனை தேய்த்தாலும் முழுசாக எடுக்க முடியாது. அதைத் தூக்கிப் போட்டேன். தேத்தா அன்று சாயங்காலமே புதிதாக ஒரு மரப் பலகையும் கத்தியும் வாங்கி வந்து, பலகைக் கைப்பிடியில் பச்சை நூல் கட்டி, தனித் துணிப்பையில் போட்டு அலமாரியின் மேல்தட்டில் வைத்தார். தன் பிள்ளைகள் வந்தால்கூட அதைத் தொடவிடமாட்டார்.

2019 கடைசியில் அங்கே பணத்தின் மதிப்பு விழத் தொடங்கியது. ஒரு டாலர் 1,500 பவுண்டு என்று இருபது வருடத்துக்கு மேலாக இருந்த நாடு அது. இறக்குமதியான குவினோவாவைக் கடையில் பார்த்துவிட்டு வைத்துவிட்டு வரும் நிலை எங்களுக்கும் வந்தது. அப்போது காலிஃபிளவர் துருவிப் போட்டோம். துருவி, உப்புப் பிசறி, துணியில் முறுக்கிப் பிழிந்தால் நன்றாகவே சாறு குடிக்கும். ஆனால் உடனே சாப்பிட வேண்டும், ஒரு மணி நேரம் போனால் வாடை வந்துவிடும். சில நாள் வேகவைத்த கொண்டைக்கடலையை ஒன்றிரண்டாக நசுக்கிப் போட்டார் தேத்தா. அவருடைய ஸஹ்லே இருக்கும் பெக்கா பள்ளத்தாக்குப் பக்கம் தவக்காலத்தில் புர்குலோடு கடலை சேர்த்துச் செய்யும் ஒரு சாலட் உண்டு, அந்த நினைவில் செய்தார். என் மகளுக்கு அதுதான் மிகவும் பிடித்தது.

2022-ல் ஊருக்கு வந்துவிட்டோம். இங்கே குவினோவா கிடைக்கிறது, இருந்தாலும் நம் தானியத்தில் செய்ய ஆசை. யாராவது செய்து பார்த்திருந்தால் எழுதுங்கள்.

மட்டக்களப்பிலிருந்து

அக்கா, வாசிக்கும்போது நான் நின்ற குசினி அப்படியே கண்ணுக்குள் வந்தது. நான் லெபனானில் ஜூனியே என்ற ஊரில் ஒரு வீட்டில் எட்டு வருசம் வேலை செய்தேன். மேடத்தின் மாமியாருக்கு அறுபது வயதுக்குப் பிறகுதான் இந்த வருத்தம் பிடிபட்டது. அதுவரை என்னவோ வயிற்றுக்கோளாறு என்றே இருந்தார்கள்.

முதல் நாள் பக்தூனிஸ் வெட்டச் சொல்லிக் கத்தியைத் தந்தார் மேடம். பார்ஸ்லிக்கு அங்கே அப்படித்தான் பெயர். நான் வல்லாரை அரிகிற மாதிரி அரிந்து வைத்தேன். அவர் ஒரு பிடி எடுத்துப் பார்த்துவிட்டு, எங்கே பழகினாய் என்று கேட்டார். என் அம்மாவிடம் என்றேன். அந்த வீட்டில் நான் முதல்முதல் நல்ல பெயர் வாங்கியது அன்றைக்குத்தான். அதற்குப் பிறகு தப்பூலே முழுக்க என் கையில்தான்.

எங்கள் வீட்டில் புர்குலுக்குப் பதில் எதுவுமே போடவில்லை. அந்த அம்மா, வேறு எதுவும் வேண்டாம், இல்லாவிட்டால் இல்லாமலே இருக்கட்டும் என்று சொல்லிவிட்டார். தக்காளியை நன்றாக வடியவிட்டு, எண்ணெயைக் கொஞ்சம் குறைத்து, மேசையில் வைக்கிற நேரத்தில்தான் கலப்பேன். கரண்டி வைப்பதில்லை, லெட்யூஸ் குருத்திலோ இளம் கோவா (முட்டைக்கோஸ்) இலையிலோ அள்ளிச் சாப்பிடுவார்கள். பாண் துண்டு பக்கத்தில் வராமல் பார்த்துக்கொள்வது என் பொறுப்பு.

சாறு குடிக்கிறது பற்றி நீங்கள் எழுதியதைப் பார்த்ததும் ஒன்று யோசித்தேன். வல்லாரைச் சம்பலில் தேசிக்காய்ப் புளியைக் குடிப்பது தேங்காய்ப்பூ. அது இல்லாமல் செய்தால் அதுவும் இப்படித்தான் அடியில் தண்ணீர் விடும். இத்தனை வருசம் இரண்டையும் செய்திருக்கிறேன், இன்றைக்குத்தான் இது பிடிபட்டது.

துபாயிலிருந்து

எனக்கே சீலியாக், ஆறு வருடமாக. இங்கே லெபனான் உணவகங்களுக்குக் குறைவில்லை, அதனால் என் அனுபவம் பெரும்பாலும் வெளியே சாப்பிட்டதுதான். ஒருமுறை மெனுவிலேயே குவினோவா தப்பூலே என்று போட்டிருந்தது, குளூட்டன் இல்லை என்று சொல்லித்தான் கொண்டுவந்தார்கள். இரண்டு வாய் சாப்பிட்ட பிறகு இலைக்கு நடுவே மொறுமொறுப்பாக ஏதோ பல்லில் பட்டது. எடுத்துப் பார்த்தால் பொரித்த ரொட்டித் துணுக்கு. ரொட்டித் துண்டு போட்டுச் செய்யும் ஃபத்தூஷ் சாலட் கலக்கிய அதே பாத்திரத்தில் கலக்கியிருக்கிறார்கள். மூன்று நாள் அவதிப்பட்டேன். அதிலிருந்து, என்ன போடுவீர்கள் என்று கேட்பதோடு நிறுத்துவதில்லை, எதில் வெட்டுவீர்கள், எதில் கலப்பீர்கள் என்றும் கேட்கிறேன். பதில் தடுமாறினால் சாப்பிடுவதில்லை.

இன்னொன்று, அலுவலக விருந்தில் அன்பாக ஒருவர் எனக்கென்றே ஃபிரீக்கே போட்டுச் செய்து வந்தார். புர்குல் இல்லையே, சாப்பிடலாமே என்று நினைத்திருக்கிறார். ஃபிரீக்கே என்பது பச்சையாக அறுத்து நெருப்பில் வாட்டிய கோதுமை. குஸ்குஸும் கோதுமை ரவைதான். புதிதாகத் தெரிந்துகொண்டவர்கள் இந்த இரண்டையும் மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

நம் தானியம் கேட்டீர்கள். தினை போட்டேன், கொஞ்சம் கசப்பு தட்டியது. வரகு குழைந்துவிட்டது. சாமைதான் சரியாக வந்தது, புர்குல் அளவுக்கே பொடியாகவும் இருக்கிறது. வெறும் வாணலியில் வாசம் வரும்வரை வறுத்து, ஒன்றுக்கு ஒன்றேமுக்கால் தண்ணீர், வெந்ததும் தட்டில் பரப்பி ஆறவிடுங்கள். உதிரியாக வாங்கவே வாங்காதீர்கள், கோதுமை அரைக்கிற அதே ஆலையில்தான் பல இடங்களில் இதையும் உடைக்கிறார்கள். குளூட்டன் இல்லை என்று அச்சிட்ட பாக்கெட்டாகப் பாருங்கள். இந்தியாவில் அப்படிப் போட வேண்டுமானால் கிலோவுக்கு 20 மில்லிகிராமுக்கு மேல் குளூட்டன் இருக்கக் கூடாது.

கோவையிலிருந்து

இரண்டு பேருக்கும் நன்றி. மட்டக்களப்புத் தங்கச்சி எழுதியதை மகளுக்குச் சத்தமாக வாசித்துக் காட்டினேன். வல்லாரைச் சம்பல் உடனே வேண்டுமாம்.

சனிக்கிழமை சாமையில் செய்தோம். வறுத்து வேகவைத்து, பழைய வழக்கப்படி துணியில் இரவு முழுக்க உலரவிட்டேன். ஊட்டியிலிருந்து வந்த பார்ஸ்லி கிடைத்தது, சுருட்டை இலைதான், கொஞ்சம் முரடு. அதனால் காம்பை அடியோடு கிள்ளிவிட்டு இன்னும் மெல்லிசாக அரிந்தேன். பச்சை நூல் கட்டிய பலகையைத் தேத்தா எங்களிடமே கொடுத்துவிட்டார், அதில்தான் இப்போதும் வெட்டுகிறோம். சாமை தக்காளிச் சாற்றை இழுத்துக்கொண்டு, புர்குல் போலவே பல்லுக்குக் கொஞ்சம் எதிர்த்து நின்றது. குவினோவாவை விட எனக்கு இது பிடித்திருந்தது.

சாப்பிடும் முன் மகள் தேத்தாவுக்கு வீடியோவில் கூப்பிட்டாள். அவருக்கு இப்போது கண் சரியாகத் தெரிவதில்லை, திரைக்குப் பக்கத்தில் முகத்தைக் கொண்டுவந்து பார்த்தார். என்ன தானியம், எங்கே விளைகிறது என்றெல்லாம் கேட்கவில்லை. கிண்ணத்தைச் சாய்த்துக் காட்டு என்றார். மகள் சாய்த்துக் காட்டினாள். அடியில் தண்ணீர் இல்லை. "சஹ்தைன், யா ரூஹி" என்றார் தேத்தா. நன்றாகச் சாப்பிடு, என் உயிரே என்று அர்த்தம்.