பத்து செகண்டுல ஒரு கட்டை இறக்குவானாம் ஹீரோ!

சுருதிப்பெட்டி: இறுதிச்சுற்று. நாயகிக்குத் தொண்டை கட்டிக்கும். எதிர்த்துப் போட்டியிடுற நாயகன் ஓடிவந்து கீபோர்டுல ஒரு பட்டனைத் தட்டுவான். 5 கட்டைச் சுருதியில இருந்த பாட்டு 4 கட்டைச் சுருதிக்கு இறங்கிடும், ரெண்டு பேர் கண்ணும் கலங்கும். பாட்டுப்போட்டிக் காதல் தொடர்கள்ல அடிக்கடி வர்ற காட்சி. இதைப் போய் "தத்ரூபம்"னு நேத்து ஒரு மேதை எழுதியிருக்கு. கீபோர்டு இறங்கும். மத்த வாத்தியம்?

தொடர்ப்பிரியை: அந்த மேதை நான்தான், பேரைச் சொல்லியே திட்டலாம். சுருதியை மாத்தற டிரான்ஸ்போஸ் பட்டன், மைனஸ் 2, அதாவது ரெண்டு அரைச்சுரம் கீழே (அரைச்சுரம்னா கீபோர்டுல ஒட்டின அடுத்த கட்டைக்குள்ள தூரம், கறுப்பும் சேர்த்து). முடிஞ்சது. பத்து செகண்டே அதிகம்.

சுருதிப்பெட்டி: கிடார்காரர் மூணாவது ஃப்ரெட்ல கேப்போ (தந்திகளை அழுத்திப் பிடிக்கிற கிளிப்) போட்டிருந்தா ஒண்ணாவதுக்கு நகர்த்துவார், சரி. புல்லாங்குழல்காரர் வேற குழல் எடுக்கணும். தபலா? பின்னல் விளிம்பைச் சுத்தியால கீழிருந்து மேலே தட்டித் தட்டி, சுத்திவர எல்லாப் பக்கமும் ஒரே சுருதியான்னு பார்க்கணும். ரெண்டு அரைச்சுரம் இறக்கினா தோல் தொய்ஞ்சு நாதமே போயிடலாம். இது பத்து செகண்டா?

மேடைமூலை: மேடையில இருந்தது டிரம்செட். தபலா எங்கேருந்து வந்துச்சு?

சுருதிப்பெட்டி: பாட்டுல தபலா சத்தம் கேக்குதே!

மேடைமூலை: அது டிராக், முன்னாடியே பதிஞ்சு வெச்ச இசை. லேப்டாப்லேருந்து ஓடுது. உண்மையான சிக்கலே அங்கதான். டிராக் 5 கட்டையில பதிஞ்சது. கீபோர்டை மட்டும் இறக்கினா முழுச்சுர இடைவெளியில ரெண்டும் மோதி நாராசமாயிடும். டிராக்கையும் மைனஸ் 2 பண்ணணும். வேகம் மாறாம சுருதியை மட்டும் இறக்க மென்பொருள் உண்டு. ரெண்டு அரைச்சுரம்னா காது பொறுத்துக்கும், அதுக்கு மேல கோரஸ் குரலெல்லாம் பூதம் பேசற மாதிரி ஆகும்.

தொடர்ப்பிரியை: டிராக்கை ம்யூட் பண்ணா?

மேடைமூலை: இடது பக்கம் கிளிக் (டிரம்மருக்கு வேகம் காட்டுற டக்டக் சத்தம்), வலது பக்கம் டிராக்னு பிரிச்சிருந்தா வலதை மட்டும் அடைக்கலாம். கிளிக்குக்குச் சுருதி ஏது. ரெண்டையும் ஒண்ணாக் கலந்து வெச்சிருந்தா போச்சு, டிரம்மர் காதுல கிளிக்கும் சேர்ந்து நின்னுடும்.

கறுப்புக்கட்டை: முதல்ல "ஒரு கட்டை"ன்னா எவ்வளவுன்னு பேசிக்கலாமா? 5லேருந்து 4க்கு ரெண்டு அரைச்சுரம். 4லேருந்து 3க்கு ஒண்ணுதான், நடுவுல கறுப்புக்கட்டை கிடையாது.

சுருதிப்பெட்டி: அதை விடுங்க. தபலாவுக்குப் பதில் வரலை.

தொடர்ப்பிரியை: தபலாவே இல்லைங்கறாரே! போன மாசம் கேப்போ போட்டா சுருதி இறங்கும்னு சாதிச்சது யாரு? கேப்போ ஏத்தத்தான் செய்யும். இந்தக் கணக்கெல்லாம் அப்புறம் படிச்சதுதானே?

சுருதிப்பெட்டி: பழசைக் கிளறினா தபலா தானா இறங்கிடுமா? மூணாவதுலேருந்து ஒண்ணாவதுக்கு வந்தா இறக்கம்தான்.

மேடைமூலை: தொண்டை கட்டினா மேல் ஸ்தாயிதான் முதல்ல போகும், அதனால இறக்கினது நியாயம். எனக்கு உறுத்தினது வேற. அந்தப் பொண்ணு மைக்கோட வலைக்கூண்டையே கையால பொத்திப் பிடிக்குது. அப்படிப் பொத்தினா மைக் எல்லாப் பக்கத்துச் சத்தத்தையும் இழுக்கும், எதிரே மானிட்டர் (பாடறவங்களுக்குக் கேக்கறதுக்கு வெக்கிற ஒலிபெருக்கி) இருந்தா கீச்சுனு கத்தும். தொடர்ல கத்தவே இல்லை.

தொடர்ப்பிரியை: காதுக்குள்ள மாட்டற இயர்போன், இன்-இயர் போட்டிருக்கா. மானிட்டர் பெட்டியே இல்லை. தொடரைப் பார்த்துட்டு வாங்க.

மேடைமூலை: ஒரு காதுலதான் இருக்கு. இன்னொண்ணு தோள்ல தொங்குது. பார்த்துட்டுத்தான் வந்தேன்.

தொடர்ப்பிரியை: அவன் முன்னாடி நிக்கறதால கழட்டினா! அவன் குரலைக் கேக்கத்தான். இதுகூடப் புரியாதவங்க எதுக்குக் காதல் தொடர் பாக்கறீங்க?

கறுப்புக்கட்டை: கட்டைக்கு யாராவது…

சுருதிப்பெட்டி: டிராக்லயே இருக்கட்டும், தபலா தபலாதான். மைனஸ் 2 போட்டா அதோட சத்தமும் மந்தமாயிடும். ஆக நான் சொன்னதுதான்.

மேடைமூலை: நீங்க சொன்னது சுத்தியல்.