விமர்சனத்தில் சொற்களை மட்டும் மாற்றினால் அது நம் எழுத்தாகுமா?

திரைவாசகி:
ஒரு இணைய இதழுக்குப் படங்களைப் பற்றி எழுதித் தருகிறேன். புதிதாக வந்திருக்கும் பொறுப்பாசிரியர், வேறு இடத்தில் வந்த விமர்சனத்தை எடுத்து வரிக்கு வரி வேறு சொல் போட்டுக் கொடுத்தால் போதும், காப்பி பிடிக்கும் மென்பொருளில் மாட்டாது, படம் பார்க்கும் நேரமும் மிச்சம் என்கிறார். தப்பு என்று மனசுக்குத் தெரிகிறது, ஆனால் கதை எல்லோருக்கும் ஒன்றுதானே என்று அவர் கேட்கும்போது பதில் வரவில்லை. என்ன சொல்லலாம்?

நிழலாட்டம்:
கதை எல்லோருக்கும் ஒன்றுதான், அதில் அவர் சொல்வது சரி. யார் நடித்தது, எந்த வருடம் வந்தது, கதை எங்கே தொடங்குகிறது என்பதெல்லாம் தகவல், யாருக்கும் சொந்தமில்லை. ஆனால் எந்தக் காட்சியை முதலில் எடுத்துப் பேசுவது, எதை விடுவது, பிற்பாதி தளர்கிறது என்பதற்கு எந்த இடத்தைச் சாட்சியாகக் காட்டுவது, இதெல்லாம் அந்த விமர்சகர் உட்கார்ந்து பார்த்து யோசித்து அடைந்தது. பதிப்புரிமை கருத்தைக் காப்பதில்லை, சொன்ன விதத்தைக் காக்கிறது. சொன்ன விதத்தில் வரிசையும் அமைப்பும் அடங்கும், அதனால் எல்லாச் சொல்லையும் மாற்றிவிட்டேன் என்பதால் மட்டும் தப்பித்துவிட முடியாது.

எனக்கு இதைவிடப் பெரிதாகப் படுவது வேறு. விமர்சனத்தில் சொல்தான் தீர்ப்பு. ‘நிதானமாக நகர்கிறது’ என்று ஒருவர் பாராட்டி எழுதியிருப்பார், அதை ‘மந்தமாக நகர்கிறது’ என்று மாற்றினால் அதுவே குறையாகிவிடும். ‘எளிமையான கதை’ என்பது ‘சாதாரணமான கதை’ ஆகும்போதும் அப்படித்தான். இரண்டில் எது அந்தப் படத்துக்குப் பொருந்தும் என்று படம் பார்த்தவருக்குத்தான் தெரியும், பார்க்காதவர் குருட்டாம்போக்கில் ஒன்றைப் போடுவார், அதை நம்பி ஒரு வாசகர் காசு கொடுத்துப் படத்துக்குப் போவார் அல்லது போகாமல் விடுவார். அது வாசகருக்குச் செய்யும் துரோகம்.

வெட்டும் ஒட்டும்:
மென்பொருளில் மாட்டாது என்பதும் பாதிதான் உண்மை. தொடர்ந்து சில சொற்கள் அப்படியே வருகிறதா என்று பார்க்கும் பழைய முறையை ஏமாற்றலாம், பொருளை ஒப்பிடும் முறைகளும் இப்போது இருக்கின்றன. அதோடு மாற்றிய சொல்லே காட்டிக்கொடுக்கும். 2021இல் கியோம் கபனாக் என்ற கணினி அறிவியலாளரும் அவருடன் இருவரும் ஆய்வுக் கட்டுரைகளில் இப்படி மாற்றப்பட்ட சொற்களைத் தேடிப் பிடித்தார்கள், ‘ஆர்ட்டிஃபிஷியல் இன்டெலிஜென்ஸ்’ (செயற்கை நுண்ணறிவு) என்பது ‘கவுன்டர்ஃபீட் கான்ஷியஸ்னஸ்’ (போலி உணர்வு) ஆகியிருந்தது. சினிமாவில் க்ளோசப், ஜம்ப் கட் மாதிரிச் சொற்களுக்கு மாற்று எங்கே போய்த் தேடுவது? ‘பாத்திரப் படைப்பு’ என்பதில் சொல் மாற்றும் கருவி ஒன்று பாத்திரத்தை மட்டும் எடுத்துவிட்டுப் ‘பாண்டம்’ என்று போட்டால் வாசகர் அந்த வரியிலேயே மூடிவிட்டுப் போய்விடுவார்.

கடைசி வரிசை:
ஒரு சின்ன மாற்றுக் கருத்து. எழுதப் பழகுகிறவர் நல்ல விமர்சனம் ஒன்றை வேறு சொற்களில் எழுதிப் பார்ப்பது நல்ல பயிற்சி, அதைக் குறை சொல்ல மாட்டேன். நோட்டில் இருக்கட்டும், பெயர் போட்டு வெளியிடக் கூடாது, அவ்வளவுதான். கதைச் சுருக்கத்தை விக்கிப்பீடியாவிலிருந்து எடுப்பவர்களும் கவனிக்க வேண்டும்: எடுக்கலாம், மாற்றலாம், ஆனால் மூலத்தைக் குறிப்பிட்டு, மாற்றியதைச் சொல்லி, அதே உரிமத்தில்தான் வெளியிட வேண்டும். சொல்லை மாற்றிவிட்டதால் அந்தக் கடமை போய்விடாது.

திரைவாசகி:
நன்றி. தீர்ப்பு மாறிவிடும் என்பதை உதாரணத்தோடு காட்டினால் அவருக்குப் புரியும் என்று நினைக்கிறேன். ஆனால் நேரப் பிரச்சினை நிஜம், எல்லாப் படத்தையும் வந்த அன்றே பார்த்துவிட முடியாது. அந்த நாளில் என்ன போடுவது?

நிழலாட்டம்:
பார்க்காத படத்துக்கு விமர்சனம் வேண்டாம், அறிமுகக் குறிப்பு போடுங்கள்: யார் எடுத்தது, என்ன வகை, எவ்வளவு நேரம் ஓடும். மற்றவர்கள் என்ன சொல்கிறார்கள் என்பதும் வேண்டுமென்றால் ஒவ்வொருவர் பெயரையும் போட்டு, அவர் எழுதிய ஒரு வரியை மேற்கோள் குறிக்குள் அப்படியே கொடுத்து, முழு விமர்சனத்துக்கு இணைப்பு கொடுங்கள். பார்த்த பிறகு உங்கள் விமர்சனத்தைத் தனியாக எழுதலாம். எழுதும்போது மற்ற எந்த விமர்சனமும் திறந்திருக்க வேண்டாம், உங்கள் குறிப்புகள் மட்டும் முன்னால் இருக்கட்டும்.