மும்முனையம், மூவாயி, மூவதர்: டிரையோடுக்கு எது?

வ. எழுதியது (திங்கள்):

அனைவருக்கும் வணக்கம். ஒரு மாத இதழுக்காக, ஆம்ப்ளிஃபயரில் வரும் 300பி என்ற கண்ணாடிக் குழல் வால்வைப் பற்றிய எட்டுப் பக்கக் கட்டுரையை மொழிபெயர்த்துக்கொண்டிருக்கிறேன். வெள்ளிக்கிழமை அச்சுக்குப் போகிறது. தலைப்பிலேயே மாட்டிக்கொண்டேன். 'சிங்கிள் எண்டட் டிரையோடு ஆம்ப்ளிஃபயர்' (டிரையோடு என்பது இழை, கிரிட், பிளேட் என மூன்று உறுப்புள்ள வால்வு) என்பதற்கு அகராதிகளைப் புரட்டி 'ஒருமுனை மும்முனையப் பெருக்கி' என்று எழுதி வைத்தேன். என் மகள் படித்துவிட்டு, "முனை ஒன்றா மூன்றா, முதலில் அதைச் சொல்லும்மா" என்கிறாள்.

போதாததற்கு 300பியின் அடியில் இருப்பவை நான்கு ஊசிகள். எலெக்ட்ரான்கள் புறப்படும் இழைக்கு இரண்டு, அவற்றைக் கட்டுப்படுத்தும் கிரிட்டுக்கு ஒன்று, அவை போய்ச் சேரும் பிளேட்டுக்கு ஒன்று. மும்முனையம் என்று எழுதிப் பக்கத்திலேயே படமும் போட்டால் யாராவது எண்ணிப் பார்க்க மாட்டார்களா? உதவுங்கள்.

த. எழுதியது:

வணக்கம் அம்மா. மதுரையில் நாற்பது வருடமாக வால்வு ரேடியோ பழுது பார்ப்பவன் நான். நாலு ஊசிக்கே கலங்கினால் எப்படி? ஈசிசி83 என்று ஒரு வால்வு, அதற்கு ஒன்பது ஊசி. ஒரே கண்ணாடிக்குள் இரண்டு டிரையோடு, ஒன்றுக்கு மூன்றாக ஆறு. சூடேற்றும் இழைக்கு நடுவிலும் ஒரு தொடுப்பு உண்டு, அதற்கு மூன்று. ஆக ஒன்பது. முனையை எண்ணிப் பெயர் வைத்தால் இதில்தான் போய் முடியும்.

என்னைக் கேட்டால் டிரையோடு வால்வு என்றே போடுங்கள். கடைக்கு வருகிற பாட்டிகூட "வால்வு போயிடுச்சுப்பா" என்றுதான் சொல்கிறார். வெற்றிடக் குழல் என்று யாரும் சொல்லி நான் கேட்டதில்லை.

கு.செ. எழுதியது:

வணக்கம். யாழ்ப்பாணத்தில் பௌதிகம் படிப்பித்து ஓய்வு பெற்றவன். உங்கள் சிக்கல் எங்களுக்கு இல்லை. இலங்கைப் பாடநூல்களில் டையோடு என்பது இருவாயி. மின்வாய், அதாவது எலெக்ட்ரோடு, இரண்டு உடையதால் இருவாயி. அந்த வழியில் டிரையோடு மூவாயி. ஊசி எத்தனை என்ற கேள்வியே எழாது, எண்ணுவது மின்வாய்களைத்தான். 300பியில் இழையே எதிர்மின்வாய் (கேத்தோடு). அதற்கு இரண்டு நுனி இருந்தாலும் வாய் ஒன்றுதான். ஈசிசி83-இல் இழை சூடேற்ற மட்டும். எதிர்மின்வாய் தனியே அதைச் சுற்றி இருக்கும். இரண்டுக்கும் மூவாயி பொருந்துகிறது. எங்கள் பிள்ளைகள் எல்.ஈ.டி.யை 'ஒளிகாலும் இருவாயி' என்று எழுதிச் சோதனையில் சித்தியடைந்து பொறியியலாளராகவும் ஆகிவிட்டார்கள்.

த. எழுதியது:

மாஸ்டர், தப்பாக நினைக்க வேண்டாம். ஒளிகாலும் என்றால் எங்கள் ஊரில் கால் முளைத்த விளக்கைத் தேடுவார்கள். மூவாயி என்றால் மூக்காயிக்குத் தங்கச்சி என்று நினைப்பார்கள்.

வ. எழுதியது:

எனக்கு இருவாயி என்றதும் வால்பாறையில் பார்த்த இருவாய்ச்சிப் பறவைதான் நினைவுக்கு வந்தது! ஆனால் மாஸ்டர் சொல்லும் காரணம் சரியாகப் படுகிறது. 'மூவாய்' என்றே விட்டால் என்ன? கடைசியில் அந்த 'இ' எதற்கு?

ந. எழுதியது (செவ்வாய், நள்ளிரவு):

அன்புடையீர். 'இ' இல்லாவிட்டால் மூவாய் என்பது 'நீ மூப்படைய மாட்டாய்' என்னும் முன்னிலை எதிர்மறை வினைமுற்று ஆகிவிடும். மூவா மருந்து என்பதில் உள்ள அதே மூ. அந்த 'இ'தான் இதைப் பெயராக்கிக் காப்பாற்றுகிறது.

ஆனால் இரு தரப்பாரும் வேரைப் பார்க்கவில்லை. டிரையோடில் உள்ள 'ஓடு' எங்கிருந்து வந்தது? 1834-இல் ஃபாரடேக்கு ஆனோடு, கேத்தோடு என்ற பெயர்களை எடுத்துக்கொடுத்தவர் வில்லியம் ஹூவல். கிரேக்கத்தில் 'ஹொடோஸ்' என்றால் வழி. ஆனோடு மேல்வழி, கேத்தோடு கீழ்வழி. 1919-இல் எக்கிள்ஸ் என்பவர் டையோடு என்று கட்டியபோதும் அதே வழிதான். ஆக டிரையோடில் முனையும் இல்லை, வாயும் இல்லை. மூன்று வழி. வழிக்கு நம்மிடம் 'அதர்' இருக்கிறது. ஆக்கம் ஊக்கமுடையானிடம் 'அதர்வினாய்ச்' செல்லும் என்பது குறள். எனவே மூவதர். புணர்ச்சியும் மூவரசர் போல இயல்பாக அமைகிறது.

கு.செ. எழுதியது:

ஐயா, வாய்க்கும் வழி என்ற பொருள் உண்டே. வாயில், வாய்க்கால் எல்லாம் எதனால்? நன்னூலில் ஏழாம் வேற்றுமை உருபுகளின் பட்டியலில் வாயும் இருக்கிறது, வழியும் இருக்கிறது. கிரேக்கம் கேட்ட வழியை எங்கள் மின்வாய் எப்போதோ கொடுத்துவிட்டது. இதற்காக அதரைத் தோண்டி எடுக்க வேண்டியதில்லை.

பூ. எழுதியது (புதன்):

ஒன்று சொல்லலாமா? வால்வுக்கு 'ஓரதர்' என்று எழுதுகிறவர்கள் இருக்கிறார்கள். ஒரு வழியாக மட்டும் விடுவதால். 1904-இல் ஃபிளெமிங் செய்தது அப்படிப்பட்டதுதான், மின்னோட்டத்தை ஒரு திசையில் மட்டும் விட்டது. 1906-இல் டி ஃபாரஸ்ட் நடுவே கிரிட்டைச் செருகிய பிறகுதான் பெருக்க முடிந்தது. இப்போது ந. ஐயா சொல்வதையும் சேர்த்தால் டிரையோடு வால்வு 'மூவதர் ஓரதர்' ஆகும். வ. அக்கா எங்கே தொடங்கினாரோ அங்கேயே வந்து நிற்கிறோம்.

இன்னொன்று. சீனர்கள் 'மூன்று முனைக் குழல்' என்று பொருள்படப் பெயர் வைத்தார்கள். டிரான்சிஸ்டருக்கும் மூன்று கால் இருக்கிறதே! இன்று அங்கே அந்தச் சொல்லைச் சும்மா சொன்னால் பலரும் டிரான்சிஸ்டர் என்றே எடுத்துக்கொள்கிறார்கள். மும்முனையத்துக்கும் அதே கதி வரலாம்.

வ. எழுதியது:

சரி, டிரையோடு கிடக்கட்டும். அப்புறம் அந்த 'சிங்கிள் எண்டட்'? கட்டுரையின் உயிரே அதில்தான் இருக்கிறது. ஒரே 300பி அலையின் மேல்பாதி கீழ்பாதி இரண்டையும் தானே சுமக்கிறது, கிடைப்பது எட்டு வாட் போல. புஷ்-புல் என்றால் இரண்டு வால்வுகள் எதிரெதிராக வேலை செய்யும். நான் 'தனிக்குழல்' என்று போட நினைத்தேன்.

த. எழுதியது:

தனிக்குழல் தப்பு அம்மா. இரண்டு 2ஏ3 வால்வுகளைப் பக்கத்தில் பக்கத்தில் இணைத்து ஒரே போக்கில் ஓட்டினாலும் அது சிங்கிள் எண்டட்தான். எத்தனை வால்வு என்பது கணக்கில்லை. டிரான்ஸ்ஃபார்மருக்குள் மின்சாரம் எப்படிப் போகிறது என்பதுதான் கணக்கு. புஷ்-புல்லில் இரண்டு பக்கமிருந்தும் வரும் நேர்மின்னோட்டம் (டி.சி.) ஒன்றையொன்று அடித்துவிடும். சிங்கிள் எண்டடில் எப்போதும் ஒரே திசைதான், இரும்பு உள்ளகம் திணறிவிடும். அதனால்தான் அதில் மெல்லிசாக இடைவெளி விட்டுச் செய்வார்கள். ஒரு முறை இடைவெளி இல்லாத பழைய டிரான்ஸ்ஃபார்மரைப் போட்டுப் பார்த்தேன். தவில் அடித்தால் தகர டப்பா சத்தம்.

ந. எழுதியது (புதன், நள்ளிரவு):

இதற்குச் சொல் ஆயத்தமாகவே இருக்கிறது. சிலம்பின் அரங்கேற்று காதையில் 'பிண்டியும் பிணையலும்'. ஒரு கையால் காட்டும் முத்திரை பிண்டி, இரு கையும் சேர்த்துக் காட்டுவது பிணையல். ஆகவே சிங்கிள் எண்டட் பிண்டிப் பெருக்கி, புஷ்-புல் பிணையல் பெருக்கி. கட்டுரைத் தலைப்பு: பிண்டி மூவதர்ப் பெருக்கி.

த. எழுதியது:

ஐயா, பிண்டி என்றால் மாட்டுக்கு வைப்பதா?

கு.செ. எழுதியது:

பிணையல் நல்ல சொல், மறுக்கவில்லை. ஆனால் வகுப்பில் பிள்ளை எழுந்து 'பிணையில் எடுப்பதா சேர்' என்று கேட்கும். கலைச்சொல்லுக்கு விளக்கவுரை வேண்டியிருந்தால் அது கலைச்சொல் அல்ல, கதை.

ந. எழுதியது:

மின்சாரமும் ஒரு நாள் புரியாத சொல்லாகத்தான் இருந்தது. எல்லாரும் சொன்னதால் புரிந்தது. நாம் சொல்லாமலே புரியவில்லை என்றால் எப்படி?

(இதற்கு யாரும் பதில் எழுதவில்லை. வியாழன் முழுவதும் பேச்சு ரஷ்யர்கள் வால்வை ஏன் 'லாம்பா' என்கிறார்கள் என்பதற்குத் திரும்பி, அங்கிருந்து பெங்களூரில் பாரத் எலெக்ட்ரானிக்ஸ் செய்த வால்வுகளுக்கும், அப்புறம் இலங்கை வானொலியின் இரவு நேரப் பாட்டுகளுக்கும் போய்விட்டது.)

வ. எழுதியது (வெள்ளி காலை):

எல்லாருக்கும் நன்றி. இனி நேரமில்லை. எழுதிய நால்வரில் மூவர் 'டிரையோடு' என்று போட ஒத்துக்கொள்கிறீர்கள் (மாஸ்டர் அரை மனதோடு). தலைப்பில் 'ஒற்றைப்போக்கு டிரையோடு ஆம்ப்ளிஃபயர்', த. ஐயா சொன்ன 'ஒரே போக்கு'தான் வழிகாட்டியது. உள்ளே ஒரே ஓர் இடத்தில் 'இலங்கையில் மூவாயி என்று சொல்லலாம்' என்று சேர்த்திருக்கிறேன். ந. ஐயா மன்னிக்கவும்.

வ. எழுதியது (அடுத்த மாதம்):

இதழ் வந்துவிட்டது. மெய்ப்புத் திருத்தியவரோ எழுத்துப்பிழை திருத்தியோ தெரியவில்லை, அந்த ஓரிடத்தில் 'இலங்கையில் மூவாயிரம் என்று சொல்லலாம்' என்று அச்சாகியிருக்கிறது. 300பியின் விலையா அது என்று இரண்டு பேர் கேட்டுவிட்டார்கள்.

த. எழுதியது:

அந்த விலைக்கு எங்கே கிடைக்கும் என்று கேட்டுச் சொல்லுங்கள் அம்மா, பத்து வாங்கிக்கொள்கிறேன்.

ந. எழுதியது:

மூவதர் என்று போட்டிருந்தால் இது நடந்திருக்காது.