கீழ்வீட்டுப் பாட்டியும் பவுலாவும்

பெர்லினுக்கு வேலைக்கு வந்த புதிதில், கீழ்வீட்டுப் பாட்டி ஞாயிற்றுக்கிழமைகளில் காபிக்குக் கூப்பிடுவார். கிழக்கு ஜெர்மனியிலேயே வாழ்ந்து வந்தவர். ஒருநாள் டிவிடி ஒன்றைப் போட்டார். 1973இல் வந்த 'பவுல், பவுலாவின் கதை'. நாயகி ஆங்கெலிகா டோம்ரோசே.

அரசு ஸ்டுடியோவான டெஃபா எடுத்த படம். டிராக்டரும் செங்கொடியுமாக இருக்கும் என்று நினைத்தேன். வந்ததோ, குழந்தைகளைத் தனியாக வளர்த்துக்கொண்டு, கல்யாணமானவனைக் காதலிக்கும் ஒருத்தி! வாசலில் கொட்டிக் கிடக்கும் கணப்புக் கரியை அவள் ஒற்றை ஆளாக அள்ளும் இடத்தில் பாட்டி படத்தை நிறுத்தினார். "நாங்களும் இப்படித்தான் அள்ளினோம். நகக்கண்ணில் ஏறிய கரி வசந்தம் வரை போகாது" என்று விரல்களை நீட்டிக் காட்டினார்.

டோம்ரோசே அலுவலகத்தில் தட்டச்சு செய்துகொண்டிருந்த பெண். பதினெட்டு வயதுக்குள் இயக்குநர் ஸ்லாதன் டூடோவ் கண்ணில் பட்டு, 1959இல் நாயகியானார். அப்புறம் நாடகாசிரியர் பிரெக்ட்டின் நாடகக்குழு, தொலைக்காட்சி. பவுலா படத்தை வெளியிட அதிகாரிகள் தயங்கினார்களாம். ஆளும் கட்சியின் தலைவர் ஹோனக்கரே சரி என்ற பிறகுதான் வந்தது. அரங்குகள் நிரம்பின.

1976இல் பாடகர் வோல்ஃப் பீர்மனின் குடியுரிமையை அரசு பறித்தது. அதைக் கண்டித்த கடிதத்தில் டோம்ரோசேயும் அவர் கணவர் ஹில்மர் டாட்டேயும் கையெழுத்துப் போட்டார்கள். வாய்ப்புகள் சுருங்கின. 1980இல் இருவரும் மேற்கே போய்விட்டார்கள். அவர்களோடு பவுலாவும் காணாமல் போனாள். நாடே கொண்டாடிய படத்தைச் சத்தமில்லாமல் சுருட்டி வைத்துவிட்டார்கள். அந்த அற்பத்தனம்தான் எனக்கு இன்னும் ஆறவில்லை.

"அத்தனை வருஷமும் பார்க்கவே முடியவில்லையா?" என்று கேட்டேன்.

பாட்டி எழுந்துபோய் புடீஸ் ராக் இசைக்குழுவின் இசைத்தட்டை எடுத்துவந்தார். அந்தப் படத்தின் பாட்டுகள் அதில் இருந்தன. உறையின் ஓரம் நைந்திருந்தது. "இதை யார் வந்து பிடுங்குவது?"

*

இதைப் படித்த ஒருவர் எழுதிய பதில்:

நண்பரே, டோம்ரோசே மேற்கே போனதாக நீங்கள் சொன்ன அதே 1980இல்தான் 'சோலோ சன்னி' என்ற டெஃபா படமும் வந்தது. நான் அதை இங்கே ஒரு சின்ன அரங்கில் பார்த்தேன். ராத்திரி தங்கியவனைக் காலையில் காபிகூடக் கொடுக்காமல் கிளப்பிவிடும் பாடகியாக ரெனாட்டே க்ரோஸ்னர். அரங்கமே சிரித்தது. மேற்கு பெர்லின் திரைப்பட விழாவில் வெள்ளிக்கரடி விருது வாங்கினார். ஐந்து வருஷத்தில் அவரும் மேற்கே பெட்டியைக் கட்டிவிட்டார்.