ஈரமா, உலர்வா: அந்த 5 மில்லி

கரிமருந்து:
"துப்பாக்கிச் சத்தத்தைக் குறைக்கக் குழல் முனையில மாட்டற சப்ரஸருக்குள்ள 5 மில்லி தண்ணி ஊத்துங்க, எந்தத் துப்பாக்கியா இருந்தாலும் 10 டெசிபல் குறையும்" என்று பக்கத்து இழையில் ஒருவர் அடித்துவிட்டிருக்கிறார். கைதட்டலுக்கும் குறைவில்லை. எந்தத் துப்பாக்கியா இருந்தாலுமா? 9 மிமீ பிஸ்டல் தோட்டாவில் வெடிமருந்து 5 கிரெய்ன் (0.32 கிராம்) அளவுதான். .308 ரைஃபிளில் 45 கிரெய்னை ஒட்டி. தண்ணீர் அமுங்காது. அந்த அழுத்தம் வந்து மோதினால் உள்ளே இருக்கும் தடுப்புத் தட்டுகளான பேஃபிள் நெளியும், குழாய் உப்பும். ரைஃபிள் சப்ரஸரை நனைக்காதே என்று தயாரிப்பாளர்கள் கையேட்டிலேயே போடுவது சும்மா இல்லை.

ஈரக்குழல்:
அது நான் எழுதினது சார், பேரைச் சொல்லியே திட்டலாம். பிஸ்டலுக்குச் சொன்னேன்னு படிச்சவங்களுக்குப் புரிஞ்சுது. முதல் ஷாட் மட்டும் ஏன் சத்தமா வருது? உள்ள இருக்கிற ஆக்ஸிஜன்ல மிச்ச மருந்து எரியறதால. 5 மில்லி தண்ணி அந்தக் காத்தை வெளியேத்திடுது. அவ்ளோதான்.

கரிமருந்து:
அவ்வளவுதானா? பிஸ்டல் சப்ரஸரின் உள்ளளவு சுமார் 100 மில்லி. 5 மில்லி ஊற்றினால் 95 மில்லி காற்று அப்படியே இருக்கிறது. எதை வெளியேற்றினீர்கள்? ஈரம் வேலை செய்வது குளிர்ச்சியால். 5 கிரெய்ன் என்பது 0.32 கிராம், எரிந்தால் 1.3 கிலோஜூல். 147 கிரெய்ன் குண்டு நொடிக்கு 300 மீட்டரில் போனால் 0.43 கிலோஜூலைக் கொண்டுபோகிறது. மீதி 0.87. ஒரு கிராம் தண்ணீரை 20 டிகிரியிலிருந்து ஆவியாக்க 2.6 கிலோஜூல் வேண்டும். ஆக, அத்தனை சூடும் தண்ணீருக்கே போனாலும் ஒரு ஷாட்டுக்கு ஆவியாவது மூன்றில் ஒரு மில்லி. உங்கள் 5 மில்லியில் பெரும்பகுதி ஆவியாகாமல் துளித்துளியாக முன்னால் பறக்கிறது.

ஈரக்குழல்:
அப்போ 5 மில்லி 15 ஷாட்டுக்கு வரும்னு நீங்களே ஒத்துக்கிட்டீங்க. நன்றி.

கரிமருந்து:
எங்கே ஒத்துக்கொண்டேன்? பறந்து போவதைக் கழியுங்கள். 5 முதல் 10 ஷாட்டுக்குள் உலர்ந்துவிடும், பிறகு பழைய சத்தம்தான்.

ஒன்பது_மிமீ:
ரெண்டு பேரும் அளவுலயே நிக்கிறீங்க, எப்படி ஊத்தறதுன்னு யாரும் சொல்லல. துப்பாக்கியிலேருந்து கழட்டி, பின்பக்கமா ஒரு டீஸ்பூன் விட்டு, ரெண்டு முனையையும் பொத்திக் குலுக்கி, மிச்சத்தை உதறிக் கொட்டணும். மாட்டின பிறகு குழாய் வாயைத் தூக்கினா தண்ணி பேரலுக்குள்ள இறங்கும், அப்போ சுட்டா பேரல் வீங்கும். சுட்டதும் பிஸ்டலோட மேல்பாகமான ஸ்லைடு பின்னால போகும்போது கரித்தண்ணி மூஞ்சில தெறிக்கும், கண்ணாடி கட்டாயம். தண்ணிக்குப் பதிலா எலக்ட்ரீஷியன் பைப்புக்குள்ள வயர் இழுக்கத் தடவற ஜெல் போட்டா ரொம்ப நேரம் தங்கும். எண்ணெய் மட்டும் வேண்டாம், அதுவே எரிஞ்சு வெள்ளைப் புகை கக்கும்.

ஈரக்குழல்:
டீஸ்பூன்னா 5 மில்லி. நான் சொன்னதேதான்.

கரிமருந்து:
உதறிக் கொட்டிய பிறகு 5 மில்லி எங்கே இருக்கிறது? பாதி தேறினாலே அதிகம்.

புதுவரவு:
சைலன்சர்னு சொல்லாம ஏன் எல்லாரும் சப்ரஸர்ங்கறீங்க?

ஒன்பது_மிமீ:
சைலன்சர் புல்லட் வண்டிக்கு, தம்பி. இதுல சத்தம் போகாது, குறையும். ஒலியைத் தாண்டிப் போற குண்டோட சடார் சத்தத்தை நனைச்சாலும் நிறுத்த முடியாது.

கரிமருந்து:
தம்பி சரியாகத்தான் கேட்கிறார். 1909-ல் காப்புரிமை வாங்கிய ஹிராம் பெர்சி மாக்சிம் வைத்த பெயரே சைலன்சர். 1934-ல் 200 டாலர் வரி போட்ட அமெரிக்கச் சட்டத்திலும் அதே பெயர். அந்த வரி 2026 ஜனவரியிலிருந்து பூஜ்யம், பெயர் மட்டும் மாறவில்லை.

ஈரக்குழல்:
பேச்சை மாத்தாதீங்க சார். போன மாசம் ஒலியை விட மெதுவா போற சப்சானிக் தோட்டா பத்தின இழையிலயும் இப்படித்தான் வரலாறு பேசி நழுவினீங்க. 10 டெசிபல் குறையுமா, குறையாதா?

கரிமருந்து:
நழுவியது யார் என்று அந்த இழையிலேயே இருக்கிறது. சின்னக் குழாயில் 10 வரை குறையலாம். பேஃபிள் நிறைய உள்ள நீளக் குழாயில், உலர்ந்த நிலையிலேயே நன்றாக அடக்குவதால், அவ்வளவு வித்தியாசம் வராது. எதில் அளந்தீர்கள்? அமெரிக்க ராணுவத்தில் 2015 வரை இருந்த 1474டி என்ற ஒலி அளவீட்டு விதிப்படி மைக், குழாய் வாய்க்கு இடப்பக்கம் 1 மீட்டரில், தரையிலிருந்து 1.6 மீட்டரில் நிற்க வேண்டும். ஒலி அளக்கும் மீட்டர் 20 மைக்ரோ நொடிக்குள் ஏறிப் பிடிக்க வேண்டும். கைபேசி மைக் அதற்கு முன்பே திணறிவிடும்.

ஈரக்குழல்:
கைபேசின்னு நான் சொன்னேனா?

கரிமருந்து:
மீட்டர் எதுவென்றும் சொல்லவில்லையே.

புதுவரவு:
சின்னத் தோட்டா .22-க்கு எவ்ளோ ஊத்தணும்?

ஒன்பது_மிமீ:
ஊத்தாத. ஈயக் கரியோட சேர்ந்து சேறாயிடும், அப்புறம் பேஃபிள் எல்லாம் ஒட்டிக்கிட்டுக் கழட்டவே வராது. அது உலர்வா இருந்தாலே போதும்.

ஈரக்குழல்:
யார் சொன்னா? .22-க்கும் 5 மில்லிதான்.

கரிமருந்து:
.22 குழாயின் உள்ளளவு தெரிந்துதான் பேசுகிறீர்களா? திரும்பவும் 5 மில்லியா!