அவார்டு (நில இழப்பீட்டு ஆணை) பணத்தை வாங்கிவிட்டு வழக்காடினால் கேஸ் நிற்குமா?

வரப்பு:
நெடுஞ்சாலைக்கு நிலம் போகிறவர்களிடம் "செக்கை வாங்காதே, வாங்கினால் கேஸ் போச்சு" என்று சொல்லித் திரிகிறார்கள். தேசிய நெடுஞ்சாலைச் சட்டம், 1956-இல் அப்படி இல்லை. நிர்ணயித்த தொகை ஏற்புடையதல்ல என்றால் 3ஜி(5)-இன்படி நடுவரிடம் மனு, அவ்வளவுதான். "ஆட்சேபத்துடன் பெறுகிறேன், கூடுதல் கோரும் உரிமையை விடவில்லை" என்று ரசீதிலேயே எழுதுங்கள். நகலில் அலுவலக முத்திரை வாங்குங்கள்.

நஞ்சைமண்:
சொல்வது சுலபம் அண்ணே. அங்கே நீட்டுவது அச்சடித்த படிவம். "முழுச் சம்மதத்துடன்" என்று அதில் ஒரு வரி கிடக்கும். நடுவர் யார்? பெரும்பாலும் மாவட்ட ஆட்சியர். நிலம் எடுப்பது டிஆர்ஓ (மாவட்ட வருவாய் அலுவலர்). இரண்டும் ஒரே வளாகம்! வாங்காமல் நின்று ஐகோர்ட்டில் ரிட் போட்டால்தான் இறங்கி வருவார்கள்.

வரப்பு:
நின்றால் வேலை நிற்காது. தொகையை டெபாசிட் செய்த பிறகு 3இ நோட்டீஸ், 60 நாளில் ஒப்படைக்க வேண்டும், அப்புறம் பொக்லைன். 9% வட்டி, நடுவர் கூட்டிக் கொடுக்கும் தொகைக்கு மட்டும். நீங்கள் தொடாமல் வைத்த பணத்துக்கு இல்லை. விலை குறைவு என்று ரிட் போட்டால், நடுவர் இருக்கிறாரே என்று திருப்பி அனுப்புவார்கள்.

அந்தப் பயம் 2013 நில எடுப்புச் சட்டத்திலிருந்து வந்தது. அதன் 77-ஆம் பிரிவின்படி ஆட்சேபமின்றி வாங்கினால் 64-இன் கீழ் மேல்விசாரணை கேட்க முடியாது. அவார்டு சொல்லும்போது ஆஜராகியிருந்தால் ஆறே வாரம் கெடு. எந்தச் சட்டத்தில் எடுக்கிறார்கள் என்று அறிவிப்பின் முதல் பத்தியிலேயே இருக்கும், அதைப் படியுங்கள்.

சென்ட்கணக்கு:
வாங்குவதா வேண்டாமா என்பதைவிட அடிப்படை விலைதான் முக்கியம். ஏக்கர் 20 லட்சம், கிராம நிலத்துக்கான பெருக்கல் காரணி 1.25 என்று வைத்தால் 25 லட்சம். கட்டாயமாக எடுப்பதற்கான ஆறுதல் தொகை 100%, ஆக 50. இதற்கு மேல், நிலம் எடுக்கப் போவதைச் சொல்லும் 3ஏ அறிவிப்பிலிருந்து அவார்டு வரை ஆண்டுக்கு 12%. அது 25-க்கு அல்ல, 20-க்கு. கிணறு, தென்னை தனி. அடிப்படையில் 1 லட்சம் ஏறினால் கைக்கு இரண்டரை லட்சம் கூடும்.

வழிகாட்டி மதிப்பு, பத்திரச் சராசரி, இரண்டில் எது அதிகமோ அதுதான் விலை. 2017 ஜூனில் வழிகாட்டி மதிப்பை 33% குறைத்தார்களே, அதை மட்டும் வைத்துப் போட்ட அவார்டுகள் அடிமாட்டு விலைதான். பத்திரச் சராசரி என்பது முந்தைய மூன்றாண்டுக் கிரையங்களில் விலை உயர்ந்த பாதியின் சராசரி. பத்து இருந்தால் மேலே உள்ள ஐந்து. விற்பனைப் புள்ளிவிவரப் பட்டியலைத் தகவல் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள். எந்தப் பத்திரத்தை ஏன் தள்ளினார்கள் என்பது அதில்தான் தெரியும்.

நஞ்சைமண்:
பக்கத்து மனைப்பிரிவில் சென்ட் 3 லட்சத்துக்குப் போகிறதே, அதைக் காட்டினால் போதுமே?

சென்ட்கணக்கு:
போதாது. மனை விலையை ஏக்கருக்கு அப்படியே பெருக்கினால் சாலை, வடிகாலுக்கென்று மூன்றில் ஒரு பங்குவரை கழிப்பார்கள், அல்லது மொத்தமாகத் தள்ளுவார்கள். 3ஏ-க்குப் பிறகு பதிந்தது செல்லாது. உறவுக்குள் விலை ஏற்றிப் பதிந்த பத்திரம் மற்றதையும் சந்தேகப்பட வைக்கும். அதே கிராமம், அதே வகைப்பாடு, சாலையிலிருந்து ஏறக்குறைய அதே தூரம்: இப்படி நான்கைந்து கிரையங்களின் சான்றிட்ட நகல், புலப்படத்தில் குறித்தபடி.

நஞ்சைமண்:
ஆட்சியர் பார்க்காமல் பழைய விலையையே உறுதி செய்தால்? மாவட்ட நீதிமன்றத்தில் ஏற்றிக்கொள்ளலாம் இல்லையா? தமிழ்நாட்டு வழக்கு ஒன்றிலேயே சதுர மீட்டருக்கு 46.55 முதல் 83.15 ரூபாய் வரை கொடுத்ததை 645 ஆக்கினார்களே!

வரப்பு:
அது ஹக்கீம் வழக்கு. 2021-இல் உச்ச நீதிமன்றம் சொன்னதையும் சேர்த்துச் சொல்லுங்கள் தம்பி: நடுவர் மன்றச் சட்டத்தின் 34-ஆம் பிரிவில் நீதிமன்றம் நடுவரின் தீர்ப்பை ரத்து செய்யலாம், திருத்த முடியாது. அந்த 645-ஐ மட்டும் அந்த வழக்கின் நியாயம் கருதி விட்டுவைத்தார்கள். 2025-இல் அரசியல் சாசன அமர்வு கொஞ்சம் திருத்த அனுமதித்தாலும், விலையை முதலிலிருந்து எடைபோடும் அதிகாரம் வரவில்லை. அந்த 34-ஆம் பிரிவு மனுவுக்கும் கெடு மூன்று மாதம், காரணம் காட்டினால் இன்னும் 30 நாள், அதற்கு மேல் ஒரு நாளும் கிடையாது. ஆகவே பத்திரம் முழுவதும் நடுவர் முன்னாலேயே ஏற வேண்டும்.

நஞ்சைமண்:
ஆட்சியர் மாறினால் விசாரணை மறுபடி முதலிலிருந்து. நடுவர் முறையே சரியில்லை, நான் மாற மாட்டேன். படிவத்துக்கு மட்டும் வழி சொல்லுங்கள்.

வரப்பு:
சம்மத வரியை அடித்து, பக்கத்தில் கையெழுத்துப் போடுங்கள். மறுத்தால், பணம் வாங்கும் முன்பே ஆட்சேபக் கடிதத்தைப் பதிவு செய்த ஸ்பீடு போஸ்ட்டில், சேர்ந்ததற்கான ஒப்புகையுடன், டிஆர்ஓவுக்கும் நெடுஞ்சாலை ஆணையத் திட்ட இயக்குநருக்கும் அனுப்பிவிடுங்கள். வாதத்தையும் எழுத்தில் கொடுங்கள், ஆட்சியர் மாறினாலும் கோப்பில் இருக்கும்.