செம்மண் பாதையில் பூட்டு: அறுபது வருடக் கதை எடுபடாது

ஊர்க்காரர்கள் அனைவருக்கும் வணக்கம்.

போன வாரம் மலேசியாவில், சிலாங்கூரில் உள்ள நம் பத்தாங் பெர்ஜுந்தைக்குப் போய் வந்தேன். 2007இல் பெயரைப் பெஸ்தாரி ஜெயா என்று மாற்றிவிட்டார்கள்; எனக்கு இன்னும் வாயில் வரவில்லை. நம் ஒன்பது குடும்பத்துச் செம்பனை (எண்ணெய்ப் பனை) நிலத்துக்குப் போகும் செம்மண் பாதையின் முகப்பில், முன்பக்க நிலத்தைப் புதிதாக வாங்கியவரின் இரும்புக் கேட் நிற்கிறது. பூட்டில் கடையில் ஒட்டிய விலைச் சீட்டுகூட இன்னும் கிழியவில்லை. சித்தப்பா மோட்டார் சைக்கிளை வெளியே சாத்திவிட்டு, குலை வெட்டும் நீளக் கம்பைத் தோளில் போட்டுக்கொண்டு, வாய்க்காலுக்குக் குறுக்கே கிடந்த மரக்கட்டை மேல் கால் நடுங்கத் தாண்டிப் போனார். வயது எழுபத்திரண்டு.

ஆள் எப்படியோ போய்விடலாம். குலை எப்படி வெளியே வரும்? வெட்டிய செம்பனைக் குலை 24 மணி நேரத்துக்குள் ஆலைக்குப் போய்ச் சேர வேண்டும். கிடக்கக் கிடக்க எண்ணெயில் அமிலம் ஏறும், விலை இறங்கும். லோரி உள்ளே போய்ப் பதினோரு நாளாகிறது.

குழுவில் வந்த மடல்களில் பாதி, “அறுபது வருடமாக நடந்த வழி, கோர்ட்டில் நிற்கும்” என்கின்றன. நிற்காது. திருச்சிச் சம்பந்தி வீட்டில் கேட்டு மாப்பிள்ளை எழுதிய இருபது வருடக் கணக்கு, 1882ஆம் ஆண்டு இந்தியச் சட்டத்தில் உள்ளது. அங்கே அது நடைபாத்தியம் ஆகலாம். இங்கே மலேசியாவின் தேசிய நிலச் சட்டம் 284ஆம் பிரிவு கையை விரித்துவிடுகிறது: நெடுங்காலம் பயன்படுத்தினோம் என்பதால் மட்டும் அடுத்தவர் நிலத்தில் ஈஸ்மெண்ட் உரிமை, அதாவது வழி போன்ற பயன்பாட்டு உரிமை, பிறக்காது. நில உரிமையாளர் அந்த உரிமையைத் தரும் 17ஏ பாரத்தில் (படிவத்தில்) கையெழுத்திட்டு, அது பதிவாகியிருக்க வேண்டும். மற்றதெல்லாம் வாய்ச்சொல் அனுமதி.

நம்மிடம் இருந்ததும் அதுதான். பெரிய தோட்டங்களைத் துண்டு துண்டாக விற்ற தோட்டத் துண்டாடல் காலத்தில் நம் அப்பாக்கள் நகையை விற்று அந்தத் துண்டுகளை வாங்கினார்கள். முன்பக்க நிலத்துக்காரர் நல்ல மனிதர். “தாராளமாகப் போங்கள்” என்றார். தீபாவளிக்கு ஒரு கூடை முறுக்கு போகும், கணக்குத் தீர்ந்தது. காகிதம் கேட்டால் அவர் மனம் புண்படும் என்று என் அப்பாவே சொல்லிக் கேட்டிருக்கிறேன். அந்த நிலத்துக்காரரின் பிள்ளைகள் நிலத்தை விற்றார்கள். வாங்கியவர் கிராண்டை, அதாவது நில உரிமைப் பத்திரத்தை, பார்த்தார். அதில் பாதை இல்லை. அவர்மேல் எனக்குக் கோபம் இருக்கிறது, ஆனால் சட்டம் அவர் பக்கம் பேசுகிறது.

அதனால் சாலை மறியல், பத்திரிகைச் செய்தி, பழைய புகைப்படம் எல்லாம் கொஞ்சம் பொறுக்கட்டும். அதே சட்டத்தில் வேறொரு கதவு உண்டு. பொதுச் சாலையை எட்ட வழியில்லாத நிலத்துக்காரர், பக்கத்து நிலத்தின் வழியே பாதை உரிமை கேட்டு நில நிர்வாகியிடம் விண்ணப்பிக்கலாம். விசாரணை நடக்கும், முன்பக்கத்தாரும் வந்து பேசுவார். நாம் நட்டஈடு தர வேண்டியிருக்கும், அளவைச் செலவும் நம் தலையில். தீர்ப்பு பிடிக்காவிட்டால் மூன்று மாதத்துக்குள் உயர் நீதிமன்றத்துக்குப் போகலாம். அவர்களும் போகலாம் என்பதை மறக்க வேண்டாம்.

அதற்கு முன் ஒரு தடவை நேரில் போய், விலை கொடுத்தே 17ஏ வாங்க முடியுமா என்று கேட்கலாம் என்பது என் எண்ணம். சிங்கப்பூர்த் தம்பிக்கு இது இறங்கிப் போவதாகத் தெரிகிறது. அவர் வந்து ஒரு நாள் குலை சுமந்து பார்க்கட்டும்.

இப்போது தேவை கிராண்ட் நகல்கள். ஒன்பதில் ஆறு என்னிடம் உள்ளன. இரண்டு மெல்பர்னில், ஒன்று யார் பெட்டியில் என்றே தெரியவில்லை. பெரியத்தை வீட்டு இரும்புப் பெட்டியை யாராவது திறந்து பாருங்கள். இறந்தவர் பெயரிலேயே கிராண்ட் இருந்தால் உடனே சொல்லுங்கள். பெயர் மாற்றத்துக்கே மாதக்கணக்காகும்.